உப்புக்கு ஒன்றும் தெரியாது

மாப்ளே,

நேற்று என் மருமகன் எனக்குப் புதுச் செருப்பு வாங்கிக்கொண்டு வந்தான். டப்பாவைத் திறந்ததும் செருப்புக்கு முன்னால் ஒரு சின்ன வெள்ளைப் பொட்டலம் தரையில் விழுந்தது. குலுக்கினால் உள்ளே மணிமணியாக ஏதோ உருண்டது. பையன் பதறிப்போய், "மாமா, வாயில போட்டுறாதீங்க, திங்கக் கூடாதுன்னு போட்டிருக்கு" என்றான். அவன் பெரிய படிப்புப் படித்தவன். எனக்கு ஒன்றும் தெரியாது என்று அவனுக்கு ஒரு நினைப்பு.

நான் பொட்டலத்தைக் கண்ணுக்கு நேராகப் பிடித்துத் தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னேன்: "இது ஹைக்ராஸ்கோபிக். காத்துல இருக்கிற ஈரத்தை உறிஞ்சி வச்சுக்கும். ஆனா கரையாது. உறிஞ்சிக் கரைஞ்சா அதுக்குப் பேரு வேற."

பையன் வாயைப் பிளந்துவிட்டான். "மாமா, இதெல்லாம் எங்க படிச்சீங்க?"

"போடிமெட்டு ரோட்டுல. ஜீப்பு ஓட்டிக்கிட்டே" என்றேன்.

அவன் போன பிறகும் பொட்டலத்தைக் கீழே வைக்க மனம் வரவில்லை. சட்டைப் பையில் போட்டுக்கொண்டு அன்று முழுக்கத் திரிந்தேன். நீ இருந்திருந்தால் பஸ் ஏறி வந்து காட்டியிருப்பேன். இல்லாததால் எழுதுகிறேன். இதை யார் படிக்கப் போகிறார்கள் என்று கேட்காதே. நான் பேசினாலும் நீ பாதிதான் கேட்பாய். மீதிக்கு ஜன்னலுக்கு வெளியேதான் பார்த்துக்கொண்டிருப்பாய்.

நாம் இருவரும் ஒரே தெரு, ஒரே வயது. நீ ரசாயனம் படித்து நம் ஊர்க் கல்லூரி ஒன்றின் ஆய்வுக்கூடத்தில் வேலைக்குப் போனாய். நான் ஒன்பதாவதோடு படிப்புக்கு விடுதலை கொடுத்துவிட்டு ஜீப்பில் ஏறினேன். எழுபதுகளில் அந்த மலை ரோட்டில் என்னைப்போல வண்டி ஓட்ட ஆள் கிடையாது. இதை நானே சொல்லக்கூடாதுதான். ஆனால் சொல்லக்கூடிய மற்றவர்கள் எல்லாம் போய்விட்டார்கள். கொண்டை ஊசி வளைவில் என் ஹாரன் சத்தம் கேட்டால் எதிரே வருகிற பஸ்சு தானாக ஓரம் கட்டும். ஒருநாள் காலையில் ஒற்றை யானை ரோட்டை மறித்து நின்றது. என் வண்டியைப் பார்த்ததும் தும்பிக்கையைத் தூக்கி ஒரு சல்யூட் வைத்துவிட்டுக் காட்டுக்குள் இறங்கிப் போனது. ஊரே நம்பியது. நீ மட்டும், "மோப்பம் புடிக்கத் தூக்கியிருக்கும்டா" என்றாய். நம் சிநேகம் ஓடியதே அப்படித்தான். நான் கூட்டிக்கொண்டே போவேன், நீ கழித்துக்கொண்டே வருவாய்.

அந்தச் சொல் என்னிடம் வந்து சேர்ந்தது மலையடிவாரத்து முந்தல் டீக்கடையில். காலையில் தோட்டத்து ஆட்களை ஏற்றி மேலே விடுவேன். இறங்கும்போது ஏலக்காய் லோடு. மலையில் ஏலக்காயைச் சூடு கொடுத்து உலர்த்துகிற கட்டடத்துக்கு ஸ்டோர் என்று பெயர். அங்கிருந்து வெளியே வருகிற காயை உள்ளங்கையில் வைத்து ஆட்டினால் விதை உள்ளே கலகலவென்று பேசும். அதே காய், ஒரு ஆடி மாதத்தில், மூட்டையோடு மஞ்சு என்கிற மலைப் பனிமூட்டத்துக்குள் நின்று கிளம்பி ஊர் வந்து சேர்வதற்குள் வாயை மூடிக்கொண்டது. வியாபாரி ஆட்டிப் பார்த்துவிட்டு, "நமுத்துப் போச்சேய்யா" என்று உதட்டைப் பிதுக்கினார். நான் டீக்கடைக்கு வந்து அவருடைய பரம்பரையையே திட்டிக்கொண்டிருந்தேன்.

நீ டீயை ஆற்றிக்கொண்டே சொன்னாய்: "யாவாரி மேல தப்பு இல்ல மாப்ளே. ஏலக்காய் ஹைக்ராஸ்கோபிக்."

"என்னது?"

"காத்துல கண்ணுக்குத் தெரியாம ஈரம் இருக்குல்ல. அதைத் தானா இழுத்து வச்சுக்கும்."

"தண்ணி மேல ஆசைன்னு சொல்லு."

"ஆசையெல்லாம் கெடையாதுடா. அது அந்தப் பொருளோட குணம்."

அந்தச் சொல்லின் கம்பீரத்தில் நான் மயங்கிப்போனேன். வாயில் போட்டால் மைசூர்பாகு மாதிரி நாலு பக்கமும் இடித்தது. என் தலைத் துண்டை உதறிக் காட்டி, "அப்ப இதுவும் ஹைக்ராஸ்கோபிக்தான?" என்றேன். துண்டு மழையில் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது. நீ சிரிக்கவில்லை. வகுப்பெடுக்கிற ஆளும் நீ இல்லை; ஆனால் ஒரு சொல்லைத் தப்பாகப் புழங்குவதைப் பார்த்தால் உனக்குச் செருப்புக்குள் கல் மாட்டிய மாதிரி இருக்கும்.

"தண்ணியை ஊத்தி நனைச்சா அதுக்கு இந்த வார்த்தை இல்ல மாப்ளே. யாரும் ஊத்தாம, காத்துல இருந்து தானா எடுக்கணும். கடையில கண்ணாடிச் சாடி தொறந்து கெடந்தா முறுக்கு நமுக்குதுல்ல, அது. உப்பு அப்படி இல்ல. அது ஈரத்தை எடுத்து எடுத்து, அந்த ஈரத்துலயே கரைஞ்சு போயிரும். அதுக்கு வேற வார்த்தை இருக்கு."

"அது என்ன வார்த்தை?"

சொன்னாய். எனக்குப் பிடிக்கவில்லை, வழவழவென்று இருந்தது. தமிழில் 'ஈரம் உறிஞ்சிக் கரைவது' என்று பாடப் புத்தகத்தில் போட்டிருப்பதாகவும் சொன்னாய். அதைச் சொல்லி முடிப்பதற்குள் ஒரு வளைவு திரும்பிவிடலாம். எனக்கு ஹைக்ராஸ்கோபிக்கே போதும் என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

பிறகு அது என் வண்டியில் ஏறிக்கொண்டது. என் சகலை வந்துபோனால் வீட்டில் பலகாரச் சம்படம் காலியாகும். அவனை ஹைக்ராஸ்கோபிக் என்றேன். "அது உறிஞ்சுறது இல்ல, திங்கிறது" என்றாய். பெட்ரோல் குடிக்கிற என் எஞ்சினை அப்படிச் சொன்னேன். "ஓட்டையா இருக்கும், போய்ப் பாரு" என்றாய். தோட்டத்து ஆட்கள் நடுவில் எனக்கு ஜீப்பு சயின்டிஸ்ட் என்று பெயர் வந்துவிட்டது. நானே வைத்துக்கொண்டேன் என்று நீ சொல்லித் திரிந்தாய். அது பொறாமை. ஒருநாள் பொறுக்கமுடியாமல் சொன்னாய்: "சொல்லுக்கு ஒரு வேலைதான் மாப்ளே. அதுக்கு மேல வேலை வாங்குனா, அது யாருக்கும் உழைக்காது."

அப்போது எனக்கு அது விளங்கவில்லை. விளங்கியது உப்புத் தாம்பாளம் மலை ஏறிய அன்றைக்கு.

உனக்குப் பெண் பார்த்தவன் நான்தான். இதை எந்தச் சபையிலும் சொல்வேன். மலை உச்சியில் மெட்டைத் தாண்டி அந்தப்புறச் சரிவில் சின்னதாக ஏலத்தோட்டம் வைத்திருந்தவர் என் வாடிக்கை. அவர் மகள் ஒருநாள் கீழே ஆஸ்பத்திரிக்கு வந்துவிட்டு அம்மாவோடு என் வண்டியில் திரும்பினாள். நீ சும்மா காற்று வாங்க என்று முன்னால் உட்கார்ந்திருந்தாய். ஏலக்காயை ஏன் இருட்டறையில் வைக்கிறார்கள் என்று பின்னால் திரும்பி அவளைக் கேட்டாய். வெளிச்சம் பட்டால் பச்சை வெளுத்துவிடும் என்று அவள் சொன்னாள். ஏன் வெளுக்கிறது என்று அவள் உன்னைத் திருப்பிக் கேட்டாள். முந்தலில் ஆரம்பித்த பேச்சு மெட்டு வரைக்கும் நிற்கவில்லை. உன் வாயிலிருந்து அத்தனை சொல் வந்து நான் பார்த்ததே இல்லை. நான் வேண்டுமென்றே வண்டியை மெதுவாக ஓட்டினேன். பின்னால் வந்த பஸ்காரன் ஹாரன் அடித்தே ஓய்ந்துபோனான்.

பெண் வீட்டில் சம்மதம். மீதி இருந்தது ராசிங்காபுரத்து அத்தை.

அப்பா அம்மா இல்லாத உன்னை வளர்த்தது அத்தைதான். அது சரி என்றால் சரி, இல்லையென்றால் இல்லை. அதைத் தாண்டி நீ ஒரு அடி வைக்க மாட்டாய். அத்தைக்குப் பெண்ணைப் பிடித்திருந்தது. ஆனால் உப்பு விஷயத்தில் மட்டும் அதற்கு ஒரு பயம் உண்டு. அத்தைக்குப் பரிசம் போட வந்த அன்று மாட்டு வண்டிச் சக்கரம் குழியில் இறங்கி, உப்புத் தாம்பாளம் ரோட்டில் கொட்டிவிட்டதாம். கல்யாணமாகிக் கொஞ்ச நாளிலேயே மாமா கிணற்று வேலையில் போய்ச் சேர்ந்தார். தன் வாழ்க்கை அன்றைக்கே அந்த ரோட்டில் கொட்டிப்போனது என்று அத்தை நம்பியது. அதை அழுது சொல்லி நான் கேட்டதில்லை. சோறு வடிக்கிறபோது சொல்லும், நெல் புடைக்கிறபோது சொல்லும்.

பரிசம் போட ஆவணியில் ஒரு நல்ல நாள். உப்பை வாங்கி, கல் கல்லாகப் பொறுக்கி, வெண்கலத் தாம்பாளத்தில் கோபுரமாகக் குவித்து, உச்சியில் ஒரு விரலி மஞ்சளை நட்டு, அத்தை அதை மடியிலேயே வைத்துக்கொண்டு முன் சீட்டில் ஏறியது. அந்தத் தட்டுதான் முதலில் பெண் வீட்டு வாசல்படி தாண்ட வேண்டும். உப்பை மூடிக் கொண்டுபோவது மனசை மூடிக் கொடுக்கிற மாதிரி என்பது அத்தை வீட்டு வழக்கம்.

"அத்தே, பாலித்தீன் தாளு ஒண்ணு கெடக்கு, மேல போத்திக்குவமா?" என்றேன்.

"போத்திக் கொண்டுபோக இது என்ன கருவாடா?"

நீ பின்னாலிருந்து, "அத்தே, மேல மஞ்சு இருக்கும். உப்பு கசியும்" என்றாய்.

"நல்ல காரியத்துக்குப் போறப்ப வாயைக் கட்டிக்கிட்டு வாடா. மாப்பிள்ளைன்னா மாப்பிள்ளையா வா."

ஊரில் வெயில் மண்டையைப் பிளந்தது. முந்தல் தாண்டிப் பாதி மலை வரைக்கும் அதே வெயில். பிறகு ஒரு வளைவில் திரும்பியதும் மஞ்சு வந்து கண்ணாடியில் உட்கார்ந்துகொண்டது. என் கையே எனக்குத் தெரியவில்லை, இருந்தாலும் ஓட்டினேன். அத்தை குளிருக்குச் சேலையை இழுத்துப் போர்த்திக்கொண்டதே தவிர, உப்பைப் போர்த்தவில்லை. மேலே வந்து சேர்ந்து வண்டியை நிறுத்தி, அத்தையின் கையைப் பிடித்து இறக்கும்போதுதான் மூன்று பேரும் தாம்பாளத்தைப் பார்த்தோம்.

கோபுரம் சரிந்திருந்தது. ஓரமெல்லாம் தண்ணீர் கட்டி நின்றது. விரலி மஞ்சள் அதற்குள் படுத்துக் கிடந்தது.

பெண் வீட்டார் வாசலில் ஆரத்தியோடும் மேளக்காரரோடும் நிற்கிறார்கள். அத்தை படிக்கு முன்னால் நின்றுவிட்டது. முகத்தில் கோபம் இல்லை, மாப்ளே. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"வண்டியைத் திருப்புப்பா" என்றது என்னிடம், மெதுவாக.

பெண்ணின் அம்மா இறங்கி வந்தார்கள். "என்னக்கா, வாசல் வரைக்கும் வந்துட்டு?"

"உப்பு தண்ணியாப் போச்சு தாயி. கீழ கல்லு கல்லா இருந்துச்சு. உங்க வாசல்ல வந்து கரைஞ்சு நிக்குது. நான் ஒருக்கா பாத்துட்டேன். இந்தப் பய தலையிலயும் அதை ஏத்த மாட்டேன்."

அந்த அம்மாளுக்குச் சுருக்கென்றது. "எங்க வீட்டுல வெளிய வச்சா ஆனியில இருந்து கார்த்திகை வரைக்கும் உப்பு இப்படித்தேன் கெடக்கு. அப்ப நாங்க மாசக்கணக்கா அபசகுனத்தைப் போட்டா கஞ்சி காய்ச்சிக் குடிக்கிறோம்?"

பெண்ணின் அப்பா சாந்தமான மனிதர். பாதிப் பேச்சு மலையாளத்தில் நனைந்திருக்கும். "மதினி, வெறுதே நிக்க வேண்டாம். உள்ள வந்து ஒரு சாயா குடிங்க, பேசுவம்" என்றார். அத்தை அசையவில்லை.

இந்த இடத்தில்தான் நான் முன்னால் வந்தேன். வராமல் இருப்பேனா? துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு கையை உயர்த்தினேன். "அத்தே, இது அபசகுனம் இல்ல. இதுக்குப் பேரு ஹைக்ராஸ்கோபிக். உப்பு நல்ல வீட்டைக் கண்டாத்தேன் உருகும். ராசியில்லாத வீட்டு வாசல்ல கொண்டுபோய் வச்சுப் பாருங்க, கல்லாவே நிக்கும். ஜெர்மனிக்காரன் ஏழு வருசம் ஆராய்ச்சி பண்ணிச் சொல்லியிருக்கான்."

ஜெர்மனி என்றதும் கூட்டம் லேசாக அசைந்தது. பெண்ணின் அம்மா முகம் தெளிந்தது. அத்தையின் கண்ணில்கூட ஒரு வெளிச்சம் வந்ததை நான் பார்த்தேன். அத்தை உன் பக்கம் திரும்பியது.

"அப்பு, நீ படிச்சவன். இவன் சொல்றது நெசமா? நீ சொல்லு, நான் உள்ள போறேன்."

ஒரு தலையாட்டு, மாப்ளே. அவ்வளவுதான் உன்னிடம் கேட்டது. கதவோரம் அந்தப் பிள்ளை நிற்கிறது. நீ ஒருமுறை அதைப் பார்த்தாய். என்னைப் பார்த்தாய். நான் உனக்குக் கண்ணைக் காட்டினேன், புருவத்தைத் தூக்கினேன், என்னென்னவோ செய்தேன்.

"இல்லத்தே" என்றாய்.

எனக்கு மெட்டே இடிந்து தலையில் விழுந்த மாதிரி இருந்தது.

"உப்புக்கு நல்ல வீடும் தெரியாது, கெட்ட வீடும் தெரியாது. அதுக்கு ஒண்ணுமே தெரியாது. மஞ்சுக்குள்ள வந்துச்சு, ஈரத்தை எடுத்துச்சு, கரைஞ்சுச்சு. வேற எந்த உப்பை வச்சாலும் இதேதான். வேணும்னா வச்சுப் பாப்பம்."

அப்போது கதவோரம் இருந்து அந்தப் பிள்ளை பேசியது: "அத்தே, அடுப்புக்கு மேல ஒறியில எங்க வீட்டு உப்புச் சட்டி இருக்கு. சூட்டுல இருக்கிறதுனால காஞ்சு கெடக்கும். கொண்டாரட்டுமா?"

பரிசம் போடுகிற வீட்டில் பெண் வாய் திறந்து பேசுவதா என்று யாரும் கேட்கவில்லை. நீ, "கொண்டா" என்றாய். அந்த ஒரு சொல்லிலேயே உங்களுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது என்று நான் இன்னும் சொல்கிறேன்.

சட்டி வந்தது. மணல் மாதிரி உலர்ந்த உப்பு. ஒரு தட்டில் பரப்பி, அத்தையின் தாம்பாளத்துக்குப் பக்கத்தில், வாசல் திண்டில் வைத்தார்கள். "மொதல்ல சூடு ஆறட்டும்" என்றாய். எல்லோரும் அங்கேயே உட்கார்ந்தோம். மேளக்காரர் மேளத்தை மடியில் வைத்துக்கொண்டார். சாயா வந்தது. இரண்டு குடும்பமும் பேச்சில்லாமல் ஒரு தட்டு உப்பைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததை அந்த மலை அதற்கு முன்னும் பார்த்திருக்காது, பின்னும் பார்த்திருக்காது.

அந்த நேரம் பார்த்து வெயில் அடித்தது.

மஞ்சு சரிவில் அப்படியே இறங்கிப் போய்விட்டது. எதிர் மலை பளிச்சென்று தெரிகிறது. ஏலச் செடி இலையெல்லாம் மினுங்குகிறது. சாதாரண நாளில் அப்படி ஒரு காட்சிக்கு உட்கார்ந்து பார்க்கலாம். அன்றைக்கு அந்த வெயிலை மனசுக்குள் வைதேன். புது உப்பு காய்ந்தபடியே கிடந்தது. பெண்ணின் அம்மா வேறு ஆதங்கத்தில், "எங்க உப்பு நல்லாத்தான இருக்கு" என்று சொல்லிவிட்டு, அதன் அர்த்தம் புரிந்ததும் நாக்கைக் கடித்துக்கொண்டார்கள். அத்தை தன் தாம்பாளத்தையும் அந்தத் தட்டையும் மாறி மாறிப் பார்த்தது. நான் உன் காதில், "இப்பவாவது ஜெர்மனிய ஒத்துக்கடா" என்றேன். நீ, "மஞ்சு வரும்" என்றாய். அவ்வளவுதான். உன் காலில் பெருவிரல் மட்டும் தரையைக் கீறிக்கொண்டிருந்தது.

நான் எழுந்து ஜீப்புக்குப் போனேன். ஹாரனை ஒரு அமுக்கு அமுக்கினேன், மலை முழுக்க எதிரொலிக்கிற மாதிரி. கொஞ்ச நேரத்தில் பள்ளத்திலிருந்து மஞ்சு மறுபடி ஏறி வந்தது. ஹாரனுக்குத்தான் வந்தது என்று அன்றும் சொன்னேன், இன்றும் சொல்கிறேன். சாகும்வரைக்கும் நீ ஒத்துக்கொள்ளவில்லை.

மஞ்சு திண்டின் மேல் ஏறி, தட்டைத் தொட்டு, எங்கள் மடி வரைக்கும் வந்தது. அத்தையின் முகமே மங்கலாகத்தான் தெரிந்தது. யாரும் எழுந்திருக்கவில்லை. நேரம் போகப் போக உப்பு நிறம் மாறியது. முதலில் மங்கியது, பிறகு கல்லுக்குக் கல் மினுங்கியது. அத்தை குனிந்து, நடுவிரலால் தொட்டு, விரலைக் கட்டைவிரலோடு தேய்த்துப் பார்த்தது.

"நனைஞ்சிருக்கு" என்றது.

பெண்ணின் அம்மா மூச்சு விட்டார்கள். மேளக்காரர் மேளத்தை எடுத்தார். ஆனால் அத்தை எழுந்திருக்கவில்லை. தாம்பாளத்தையே பார்த்துக்கொண்டு உன்னைக் கேட்டது:

"அப்ப அன்னைக்கு எனக்குக் கொட்டுனதும் சும்மாதேன் கொட்டுச்சா அப்பு?"

மேளக்காரர் மேளத்தைத் திரும்ப மடியில் வைத்தார்.

"சும்மாதேன் அத்தே" என்றாய். "ரோட்டுல குழி இருந்துச்சு. அவ்வளவுதேன்."

"உங்க மாமன் போனது?"

"அதுக்கும் உப்புக்கும் ஒண்ணும் இல்லத்தே."

அத்தை சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இத்தன வருசம் அந்த உப்பை வைஞ்சுக்கிட்டே இருந்துட்டேனே" என்றது. கரைந்த தாம்பாளத்தை அப்படியே இரண்டு கையிலும் எடுத்துக்கொண்டு, தண்ணீர் தளும்பாமல், வலது காலை வைத்து வாசல்படி தாண்டியது. அந்த உப்புத் தண்ணீரை என்ன செய்வதென்று தெரியாமல் பெண்ணின் அம்மா சாம்பாரில் ஊற்றிவிட்டார்கள். கொஞ்சம் கரித்தது. நான் மூன்றாவது சோறு வாங்கினேன்.

இறங்கும்போது உன்னைத் திட்டித் தீர்த்தேன். "ஒரு தலையாட்டு ஆட்டியிருந்தா வெரசா சோலி முடிஞ்சிருக்கும்லடா. வெயிலு அப்படியே அடிச்சிருந்தா என்ன பண்ணியிருப்ப?"

நீ வெளியே பார்த்துக்கொண்டே சொன்னாய்: "உப்புக்கு நல்லது தெரியும்னு நீ சொல்லிட்டா, கெட்டதும் தெரியும்னு ஆயிரும் மாப்ளே. நாளைக்கு அவ கை தவறி உப்பைக் கொட்டுனா, அத்தை என்னைக்கும் பயந்துக்கிட்டே கெடக்கும்."

பின் சீட்டில் அத்தை வாயைத் திறந்து நிம்மதியாகத் தூங்கிக்கொண்டு வந்தது. அத்தனை கொண்டை ஊசியிலும் அது கண் முழிக்கவில்லை. அதற்கு என் ஓட்டலும் ஒரு காரணம்.

எண்பதுகளில் உன் மாமனார் போன பிறகு நீ கல்லூரியை விட்டுவிட்டு மலைக்கே குடி போனாய். அத்தையையும் கூட்டிக்கொண்டாய். நான் லோடு ஏற்ற வரும்போதெல்லாம் அத்தை அடுப்படியில் உட்கார்ந்துகொண்டு, ஈர உப்பை வழித்துப் போட்டுக்கொண்டே, "அதுக்கு என்னய்யா தெரியும்" என்று சொல்லும். யார் எதற்குச் சகுனம் சொன்னாலும் அதே பதில். பூனை குறுக்கே போனாலும், "அதுக்கு என்னய்யா தெரியும், அது எலியைப் பாத்துப் போகுது." உன்னைவிட மோசமாகிவிட்டது.

அத்தை போன அன்று நீ ஸ்டோர் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து அழுதாய். உன்னை அப்படி நான் பார்த்ததில்லை. எனக்கு ஏதாவது சொல்ல வேண்டும் போல இருந்தது. "விடு மாப்ளே. நீ ஹைக்ராஸ்கோபிக். ஊரு துக்கத்தையெல்லாம் இழுத்து வச்சுக்குவ" என்றேன். எனக்கு அது ரொம்ப அழகாகப் பட்டது. நீ மூக்கை உறிஞ்சி, முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னாய்: "இது வெளிய வர்ற தண்ணிடா. அந்த வார்த்தை உள்ள போறதுக்கு."

அந்த நிலைமையிலும் திருத்தினாய். பிறகு நீயே சிரித்தாய். நானும் சிரித்தேன். செத்த வீட்டில் இரண்டு பேர் சிரிக்கிறார்கள் என்று எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

இப்போது உன் காரியம் முடிந்து, வந்தவர்களெல்லாம் பஸ் ஏறிப் போன பிறகு, நான் மட்டும் இரண்டு நாள் அங்கே தங்கினேன். தங்கச்சி சாயா போட்டுக்கொண்டு வந்து என் எதிரே உட்கார்ந்தது. அன்றைக்குக் கதவோரம் நின்ற பிள்ளைக்கு இப்போது தலை முழுக்க வெள்ளை. சாயாவை என் பக்கம் நகர்த்திவிட்டுக் கேட்டது:

"அண்ணே, உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். அவரு போன அன்னைக்குக் காலையில உப்புச் சாடியைத் தொறந்தேன். தண்ணியாக் கெடந்துச்சு. அதுக்கு முதல் நாளு நல்லாத்தேன் இருந்துச்சு. என்னமோ சொல்ல வந்த மாதிரி இருக்குண்ணே. நான் அப்பவே சுதாரிச்சிருந்தா, வெரசா கீழ ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கலாமோ?"

மாப்ளே, என் வாயில் எத்தனை கதை வந்து நின்றது தெரியுமா? உப்பே உனக்காக அழுதது என்று சொல்லியிருப்பேன். நீ உப்பைப் பற்றி உண்மை சொன்னவன், அதனால் முதலில் அதற்குத்தான் தெரிந்தது என்று சொல்லியிருப்பேன். ஜெர்மனிக்காரனை மறுபடி கூப்பிட்டிருப்பேன். சபையில் சொன்னால் கண் கலங்காத ஆள் இருக்காது. தங்கச்சி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. அன்றைக்கு அத்தை உன்னைப் பார்த்த மாதிரியே.

எழுந்து அடுக்களைக்குப் போனேன். அடுப்பு போய் இப்போது கேஸ். உறியும் இல்லை, சட்டியும் இல்லை. ஜன்னல் ஓரத்தில் பிளாஸ்டிக் சாடி. மூடி ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு கோணலாக இருந்தது. ஜன்னல் வழியே மஞ்சு உள்ளே வந்துகொண்டிருந்தது.

"மூடி மரை கழண்டிருக்கு தங்கச்சி" என்றேன். "மஞ்சு உள்ள போயிருக்கு. அவ்வளவுதேன்."

"வேற ஒண்ணும் இல்லையாண்ணே?"

"ஒண்ணும் இல்ல. உப்புக்கு ஒண்ணும் தெரியாது."

தங்கச்சி, "அவரும் இதைத்தேன் சொல்லியிருப்பாரு" என்று எழுந்துபோய், என் டம்ளரைக் கழுவி வைத்தது. நான் மூடியை எடுத்து, மரை பார்த்துப் பொருத்தி, இறுக்கித் திருகி வைத்துவிட்டு வந்தேன்.

மாப்ளே, இதில் நான் ஒரு சொல்லும் கூட்டவில்லை.